'எம்.டி.ஐ.' கட்டத்தில் டிக் போடும் முன்: ஆங்கிலப் பேச்சுப் பயிற்சியாளர்களுக்கு ஒரு திறந்த மடல்

வாய்ஸ் அண்ட் ஆக்சென்ட் வகுப்பு எடுப்பவர்களுக்கும், ஸ்போக்கன் இங்கிலீஷ் மையம் நடத்துபவர்களுக்கும்,

வணக்கம். நானும் இதே தொழிலில் இருப்பவன்தான். ஆகவே எங்கேயோ இருந்துகொண்டு குறை சொல்கிறான் என்று எண்ண வேண்டாம்.

நம் மதிப்பீட்டுத் தாளில் 'எம்.டி.ஐ.' என்று ஒரு கட்டம் உண்டு. தாய்மொழித் தாக்கம். பையன் 'இஸ்கூல்' என்றால் அதில் ஒரு டிக். 'புக்கு' என்றால் இன்னொரு டிக். 'பிலிம்' என்றால் வகுப்பே சிரிக்கும். சில இடங்களில் சிரிப்பைத் தொடங்கி வைப்பதே பயிற்சியாளர்தான். அப்புறம் என்ன செய்கிறோம்? "ஒவ்வொரு எழுத்தையும் தெளிவாகச் சொல்லு" என்கிறோம். அவன் மூச்சைப் பிடித்துக்கொண்டு 'நெக்ஸ்ட்டு வீக்கு' என்கிறான். மறுபடி டிக்.

அந்தக் கட்டத்தில் நாம் குறித்துவைப்பது சோம்பலும் இல்லை, பட்டிக்காட்டு வாடையும் இல்லை. அசை அமைப்பு. (ஓர் உயிரும் அதை ஒட்டி நிற்கும் மெய்களும் சேர்ந்த ஒலித்துண்டைத்தான் இங்கே அசை என்கிறேன். யாப்பில் வரும் நிரையசைக்குள் இரண்டு உயிர் இருக்கும்; இரண்டையும் குழப்பிக்கொள்ள வேண்டாம்.) உயிருக்கு முன்னால் எத்தனை மெய் நிற்கலாம், பின்னால் எது நிற்கலாம் என்பதை ஒவ்வொரு மொழியும் தனக்கென்று வகுத்து வைத்திருக்கிறது. ஹவாய் மொழியில் இரண்டு மெய் சேர்ந்து வராது, அசை மெய்யில் முடியவும் முடியாது. 'மெர்ரி கிறிஸ்துமஸ்' அங்கே 'மெலே கலிகிமகா' ஆனது அதனால்தான். ஜார்ஜிய மொழி இதற்கு நேர் எதிர்: 'நீ எங்களைத் தோலுரிக்கிறாய்' என்பதற்கு அவர்கள் சொல்லும் 'க்வ்ப்ர்த்ஸ்க்வ்னி' என்ற சொல்லில் எட்டு மெய்கள் வரிசையாக நின்ற பிறகுதான் உயிரே வருகிறது. ஆங்கிலம் அந்தப் பக்கம் சாய்ந்தது. 'ஸ்ட்ரெங்த்ஸ்' அவர்களுக்கு ஒரே அசை. தமிழ் ஹவாய்ப் பக்கம் கொஞ்சம் சாய்ந்தது. அந்த ஒற்றை அசையை நாம் 'இஸ்-டி-ரென்-து-சு' என்று ஐந்தாகப் பிரித்துச் சொல்வோம்.

தொல்காப்பியம் சொல்லின் இறுதியில் நிற்கக்கூடிய மெய்கள் பதினொன்று என்று பட்டியல் போடுகிறது. அதில் வல்லினம் ஒன்றுகூட இல்லை. க், ட், ப் போன்றவை கடைசியில் வர வேண்டுமானால் பின்னால் ஓர் உகரம் ஒட்ட வேண்டும்: நாடு, பாக்கு, மார்பு. அதுவும் முழு உகரம் இல்லை. அரை மாத்திரைக் குற்றியலுகரம். 'புக்கு', 'ரோடு', 'கப்பு' என்று சொல்லும் பிள்ளை செய்வதும் இதுதான். வாயில் வந்ததைச் சொல்லவில்லை, குற்றியலுகரம் போடுகிறது.

இதில் இன்னொரு நுட்பம் இருக்கிறது, நம்மில் பலர் கவனிப்பதில்லை. 'ரோடு' என்கிறோம், 'ரோட்டு' என்பதில்லை. ஆனால் படகைச் சொல்லும்போது 'போட்டு' என்கிறோம், 'போடு' என்பதில்லை. தோளில் மாட்டுவது 'பேகு', பின்பக்கம் 'பேக்கு'. ஏன்? தமிழில் இரண்டு உயிருக்கு நடுவே ஒற்றை வல்லினம் வந்தால் குரல் அதிர்வோடு மென்மையாக ஒலிக்கும்; இரட்டித்தால்தான் அதிர்வில்லாமல் வன்மையாக நிற்கும். ஆங்கிலச் சொல்லின் கடைசி ஒலி அதிர்வுள்ளதா, இல்லாததா என்று அந்தப் பிள்ளையின் காது சரியாகப் பிரித்திருக்கிறது. பிரித்ததைத் தமிழில் இருக்கும் ஒரே கருவியை வைத்துக் காப்பாற்றியும் இருக்கிறது. இதற்கு நாம் கொடுப்பது ஒரு டிக்.

சொல்லின் தொடக்கத்துக்கு வருவோம். 'இஸ்கூல்', 'இஸ்டேசன்' இவற்றில் இகரம் முன்னால் வந்து உட்காருகிறது. 'கிளாஸ்', 'பிளேட்டு', 'பிரெட்டு' இவற்றில் அதே இகரம் நடுவில் நுழைகிறது. எகிப்து அரபிக்காரர்களும் இப்படித்தான்: பிளாஸ்டிக் அவர்களுக்கு 'பிலாஸ்திக்', ஆனால் ஸ்டடி 'இஸ்தடி'. ஒரு விளக்கம் இது: 'க்ளா' என்று சொல்லும்போது க் விட்டு ல்-க்குள் போகும் இடத்தில் உயிரைப் போன்ற ஒரு சாயல் ஏற்கெனவே காதில் விழுகிறது. அங்கே இகரம் நுழைந்தால் சொல் அதிகம் மாறியதாகத் தோன்றாது. 'ஸ்க்' நடுவே அப்படி இடம் இல்லை. ஆகவே உயிர் வாசலிலேயே நின்றுவிடுகிறது. எல்லோரும் இப்படியே செய்வதும் இல்லை. பஞ்சாபில் 'சகூல்' என்று நடுவே பிளப்பார்கள். ஃபின்லாந்துக்காரர்கள் அந்தக் காலத்தில் ஸ்-ஐயே கழற்றிவிட்டார்கள். ஸ்டாக்ஹோம் அவர்களுக்கு 'துக்ஹோல்மா'. நம்மூர்ப் பெரியவர்கள் 'டேசன்' என்பதும் அந்த வழிதான். ஸ்பானிஷில் 'எஸ்தாசியோன்', துருக்கியில் 'இஸ்தாஸ்யோன்' என்பவை அகராதியிலேயே ஏறி நிற்கின்றன. துருக்கிக்காரர் சொன்னால் சொல், நம் பையன் சொன்னால் எம்.டி.ஐ.

பவணந்தி முனிவர் 13ஆம் நூற்றாண்டிலேயே இதற்குச் சூத்திரம் எழுதிவிட்டார். அவருக்கு வந்து சேர்ந்தது வடமொழி, நமக்கு ஆங்கிலம், அவ்வளவுதான் வேறுபாடு. மெய்கள் இணைந்து வரும் வடசொல்லில் ய, ர, ல-வுக்கு முன் இகரம் வரும், ம, வ-வுக்கு முன் உகரம் வரும், ந-வுக்கு முன் அகரம் வரும் என்கிறது நன்னூல். வாக்கியம், வக்கிரம், பதுமம், பக்குவம், அரதனம் எல்லாம் அப்படி வந்தவை. 'கிளாஸ்', 'பிரெட்டு' இரண்டிலும் ல, ர-வுக்கு முன் வந்திருக்கும் உயிர் எது என்று பாருங்கள். அதே இகரம். ('பிலிம்' மட்டும் இந்தக் கணக்கில் சேராது, ம-வுக்கு முன் உகரம் வந்திருக்க வேண்டும். சூத்திரத்துக்கு அவ்வளவு பணிந்து எந்த மொழியும் நடப்பதில்லை. ஒன்று சொல்ல வேண்டும்: அயர்லாந்தில் ஆங்கிலமே தாய்மொழியாகப் பேசுபவர்கள்கூட 'ஃபிலம்' என்று இரண்டு அசையாகச் சொல்வார்கள்.)

சரி, வாய்தான் பிரச்சினை என்றால் பயிற்சியில் சரியாகிவிடுமே? பிரச்சினை வாயோடு நிற்பதில்லை. 1999-இல் பிரெஞ்சு ஆய்வாளர் இமானுவேல் டுப்பூவும் அவருடைய ஜப்பானிய, பிரெஞ்சு சகாக்களும் ஒரு சோதனை முடிவை வெளியிட்டார்கள். 'எபுஸோ' என்ற பொருளற்ற சொல்லைப் பதிவு செய்து, நடுவில் உள்ள உகரத்தைக் கொஞ்சம் கொஞ்சமாக நறுக்கி, கடைசியில் உகரமே இல்லாத 'எப்ஸோ' வரை கொண்டுபோனார்கள். பிரெஞ்சுக்காரர்கள் உகரம் போனதும் போய்விட்டது என்றார்கள். ஜப்பானியர்களோ முழுக்க நறுக்கிய பிறகும் பெரும்பாலும் உகரம் கேட்கிறது என்றார்கள். அவர்கள் மொழியில் ப்-க்குப் பின் ஸ் நேரடியாக வர முடியாது. இல்லாத உயிரைக் காதே இட்டு நிரப்பிவிட்டது. நம் வகுப்பில் "கடைசியில் உ வேண்டாம்" என்று தொண்டை கிழியக் கத்தும்போது, "சார், நான் உ சொல்லவே இல்லையே" என்று ஒருவன் முழிப்பானே, அவன் பொய் சொல்லவில்லை.

ஆகவே முதலில் காது. டங் ட்விஸ்டர்களைக் கொஞ்ச நாள் மூட்டை கட்டி வையுங்கள். உயிர் ஒன்று கூடினால் பொருளே மாறிவிடும் ஆங்கில ஜோடிகள் எத்தனையோ இருக்கின்றன: ஸ்டேட் – எஸ்டேட், ஸ்போர்ட் – சப்போர்ட், ப்ளோ (ஊது) – பிலோ (கீழே), ப்ரேட் (வேண்டினான்) – பரேட் (அணிவகுப்பு), லக் – லக்கி. இவற்றை ஒலிக்கவிட்டு எது எது என்று மட்டும் கேளுங்கள். திருப்பிச் சொல்லச் சொல்லாதீர்கள். வீடு, மனை விற்கும் நிறுவனத்துக்குப் போன் பேசப்போகும் பெண்ணுக்கு 'ஸ்டேட்'டும் 'எஸ்டேட்'டும் ஒன்றாகக் கேட்டால் என்ன குளறுபடி வரும் என்பதை நான் சொல்ல வேண்டியதில்லை.

அடுத்தது சொற்றொடர். நாம் தனிச்சொல்லைக் கொடுத்துச் சொல்லச் சொல்கிறோம். கஷ்டமான இடத்தில் தொடங்குகிறோம் என்பது நமக்கே தெரிவதில்லை. 'காடு' என்று தனியே சொல்லும்போது உகரம் இருக்கும். 'எல்லாம்' சேர்ந்தால் 'காடெல்லாம்', உகரம் காணாமல் போகும். உயிர் வந்தால் குற்றியலுகரம் மெய்யை விட்டு ஓடும் என்று பள்ளியில் படித்ததுதான். இதைப் பிள்ளைகள் தூக்கத்திலும் சரியாகச் செய்வார்கள். அப்படியானால் 'ஹோல்ட்' என்பதைத் தனியே கொடுக்காமல் 'ஹோல்ட் ஆன்' என்று கொடுங்கள். 'ஹோல்டான்' என்று உகரம் இல்லாமல் தானாக வரும். 'ஃபைண்ட் அவுட்', 'ஸ்பீக் அப்', 'ஹெல்ப் அஸ்' எல்லாம் இந்த வகை. இதில் நன்றாக ஊறிய பிறகு இரண்டாம் சொல்லைக் கொஞ்சம் தள்ளிச் சொல்லச் சொல்லுங்கள், பிறகு மனதுக்குள் மட்டும் சொல்லச் சொல்லுங்கள். ஒரு இடத்தில் மட்டும் உஷாராக இருக்க வேண்டும்: தனிக்குறிலை அடுத்த மெய். 'கல்' முன் 'எறி' வந்தால் 'கல்லெறி' என்று இரட்டிக்கும் அதே பழக்கம் 'கெட் அவுட்'டை 'கெட்டவுட்' ஆக்கிவிடும். அங்கேதான் நம் உழைப்பு தேவை.

மெய்க்கு முன் மெய் வந்தால்? அங்கே ஆங்கிலேயரே என்ன செய்கிறார்கள் என்று கேளுங்கள். 'நெக்ஸ்ட் வீக்' என்று வேகமாகப் பேசும்போது ட்-ஐ விழுங்கி 'நெக்ஸ் வீக்' என்பார்கள். 'லாஸ்ட் டைம்', 'மோஸ்ட் பீப்பிள்' எல்லாம் அப்படியே. நாமோ எல்லா எழுத்தையும் சொல்லு என்று விரட்டி, அந்த ட்-ஐக் காப்பாற்ற வேறு வழியில்லாமல் பிள்ளை உகரம் போடும்படி செய்கிறோம். அந்த உகரத்துக்குக் காரணம் தாய்மொழி பாதி, நாம் பாதி.

ஆனால் விழுங்கல் எல்லா இடத்திலும் செல்லாது. வெவ்வேறு தாய்மொழிக்காரர்கள் தங்களுக்குள் ஆங்கிலத்தில் பேசும்போது எது புரியாமல் போகிறது என்று ஆராய்ந்த ஜெனிஃபர் ஜெங்கின்ஸ் 2000-இல் சொன்னது இது: சொல்லின் தொடக்கத்து மெய்க்கூட்டத்தில் ஒன்றை விட்டுவிட்டால் கேட்பவர் தடுமாறுவார், நடுவே ஓர் உயிர் கூடினால் பெரும்பாலும் புரிந்துகொள்வார். அதாவது 'கூல்' என்பதைவிட 'இஸ்கூல்' எவ்வளவோ மேல். நம் தாளில் இரண்டுக்கும் ஒரே டிக்.

ஆங்கிலமும் இந்த விஷயத்தில் சுத்தம் இல்லை. 'நீ' (முழங்கால்), 'நைஃப்' (கத்தி) என்ற ஆங்கிலச் சொற்களில் முதலில் இருக்கும் க்-ஐ ஒரு காலத்தில் உச்சரித்தார்கள், பிறகு கைவிட்டார்கள். ஜெர்மானியர் இன்றும் 'க்னீ' என்றே சொல்கிறார்கள். 'சைக்காலஜி'யின் ப், பலர் வாயில் 'சுனாமி'யின் ட் எல்லாம் அதே கதி. ஸ்ரீலங்காவை 'ஷ்ரீலங்கா' ஆக்குவதும் இந்த வழக்கம்தான். அதை யாரும் தாய்மொழித் தாக்கம் என்று எழுதி வைப்பதில்லை.

கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. 'எம்.டி.ஐ.' என்ற ஒரே கட்டத்தை எடுத்துவிட்டு மூன்று கட்டம் போடுங்கள்: கேட்பவருக்கு வேறு சொல்லாகப் பட்டதா, தொடக்கத்து மெய் விழுந்ததா, உயிர் கூடியதா. முதல் இரண்டுக்கு மட்டும் மதிப்பெண் கழியுங்கள். மூன்றாவது பயிற்சிக் குறிப்பாக மட்டும் இருக்கட்டும். அதைக் காரணம் காட்டி யாரையும் வேலைக்கு வேண்டாம் என்று திருப்பி அனுப்பாதீர்கள். அடுத்த பேட்ச் தொடங்கும் முன் உங்கள் மையத்தில் இதைப் பேசி முடிவு செய்தால் நல்லது. ஜோடிச் சொற்களின் பட்டியலும், 'ஹோல்ட் ஆன்' வகைத் தொடர்களும் என்னிடம் தொகுத்து வைத்திருக்கிறேன். கேட்பவர்களுக்குத் தருகிறேன், காசு வேண்டாம்.

இப்படிக்கு,
உங்கள் தொழிலிலேயே இருக்கும் ஒருவன்