நான்கு ஓட்டம், 67 நிமிடம்

அன்புள்ள செல்விக்கு,

அப்பா எழுதுவது. நாங்கள் இருவரும் நலம். அம்மாவின் மூட்டுவலி இப்போது பரவாயில்லை.

போன ஞாயிற்றுக்கிழமை போனில், பள்ளித் தடகள மீட்டில் பேரனுக்கு ஒரே ஒரு ஓட்டத்துக்குத்தான் பெயர் கொடுத்திருப்பதாகச் சொன்னாய். "ஏன் கண்ணு ஒன்றோடு நிறுத்திவிட்டாய்? அவனுக்கு நல்ல கால் ஆச்சே" என்றேன். பதில் சொல்லாமல் போனை அம்மாவிடம் கொடுக்கச் சொன்னாய். ராத்திரி படுத்த பிறகுதான் எனக்கு உறைத்தது. நேரில் பேசினால் பாதியில் பேச்சை மாற்றிவிடுவேன், என்னைத் தெரியுமே. அதனால் எழுதுகிறேன்.

அமெரிக்கத் தடை ஓட்டக்காரர் ஹாரிசன் டில்லார்ட் கதையை மைதானத்தில் எத்தனை தடவை சொல்லியிருப்பேன்! கிளீவ்லாந்துக்காரர். ஒலிம்பிக் ஓட்டவீரர் ஜெஸ்ஸி ஓவன்ஸ் படித்த அதே பள்ளி. ஒல்லியாக இருந்ததால் 'எலும்பு' என்றே கூப்பிடுவார்களாம். இத்தாலியில் போருக்குப் போய்த் திரும்பி வந்து, 1947இலிருந்து அடுத்த ஆண்டு வரை தொடர்ச்சியாக 82 ஓட்டங்களில் ஜெயித்தவர். 82 என்று சொன்னதும் பிள்ளைகள் வாயைப் பிளப்பார்கள். அங்கிருந்து நேராக லண்டன் ஒலிம்பிக்ஸுக்குத் தாவிவிடுவேன். நடுவில் நடந்ததைச் சொன்னதே இல்லை.

நடுவில் இருப்பது நீ இப்போது இருக்கும் ஊர்தான். 1948 கோடையில் அமெரிக்க தேசியத் தடகளப் போட்டி மில்வாக்கியில் நடந்தது. 100 மீட்டர், தடை ஓட்டம் இரண்டிலும் இறங்கிய டில்லார்ட், 67 நிமிடத்துக்குள் நான்கு முறை ஓடவேண்டி வந்தது. கணக்குப் போட்டுப் பார். ஓட்டத்துக்கும் ஓட்டத்துக்கும் நடுவே இருபது நிமிடம் சொச்சம். மூச்சு அடங்கி, ஸ்பைக்ஸ், அதுதான் ஆணி வைத்த ஷூ, கயிற்றைத் தளர்த்தி மறுபடி இறுக்குவதற்குள் அடுத்த விசில். ஆண்கள் தடை மூன்றரை அடி உயரம், மொத்தம் பத்து. இரண்டு தடைக்கு நடுவே மூன்றே எட்டு. களைத்த கால் அந்த மூன்று எட்டில் நாலு விரற்கடை குறைத்துப் போட்டால் போதும், பின்னால் வரும் முட்டி கட்டையில் இடிக்கும். அன்று தடை ஓட்டத்தில் பில் போர்ட்டர் முந்திவிட்டார். 82 அங்கே நின்றது.

சில நாள் கழித்து, சிகாகோவை ஒட்டிய எவன்ஸ்டனில் ஒலிம்பிக் தேர்வு. உலகத்திலேயே சிறந்த தடை ஓட்டக்காரர் தடைகளில் இடித்து இடித்து, ஓட்டத்தை முடிக்காமலே நின்றுவிட்டார்.

இதற்கு மேல் சொன்னால், நீ ஒன்றோடு நிறுத்தியது சரி என்ற என் வாதத்துக்கு நானே குழி வெட்டுவதாகும், இருந்தாலும் சொல்கிறேன். 100 மீட்டரிலும் பெயர் கொடுத்திருந்ததால்தான், அதில் மூன்றாவதாக வந்து அவர் லண்டனுக்குப் போக முடிந்தது. அங்கே 10.3 விநாடியில் தங்கம். கூட ஓடிய இன்னொரு அமெரிக்கர் பார்னி யூவெல், தானே ஜெயித்ததாக நினைத்துக் குதித்துக்கொண்டிருந்தார். போட்டோவைப் பார்த்துத்தான் டில்லார்ட் என்று முடிவானது. 1952இல் ஹெல்சின்கியில் தடை ஓட்டத் தங்கத்தையும் வாங்கிவிட்டார். ஆக, இரண்டு போட்டியில் இறங்கியதைக் குறை சொல்ல முடியாது. அந்த 67 நிமிடம்தான் தப்பு. ஓடுகிறவனுக்கு அது தெரியாது, ஓடுகிற வெறியில் இருப்பான். பக்கத்தில் கடிகாரத்தோடு நிற்கிறவன் பார்க்க வேண்டும்.

நீ ஒன்பதாவது படிக்கும்போது மாவட்ட மீட்டில் கடிகாரத்தோடு நின்றவன் நான். நூறு, இருநூறு, தடை ஓட்டம், அப்புறம் ரிலே. விதி எவ்வளவு விட்டதோ அவ்வளவிலும் உன் பெயரை எழுதினேன். இருநூறு ஃபைனல் முடிந்து நீ சுண்ணாம்புக் கோட்டின் மேலேயே உட்கார்ந்து, "அப்பா, கால் நடுங்குது" என்றாய். உன் உள்ளங்கையில் குளுக்கோஸைக் கொட்டி, "எழுந்திரு, தடைக்குக் கூப்பிடுறாங்க" என்றேன். நாலாவது தடையில் விழுந்தாய். முட்டியில் செம்மண்ணும் ரத்தமுமாக எழுந்து, மீதித் தடைகளையும் தாண்டிக் கடைசியாக வந்தாய். பஸ்ஸில் ஊர் வரும் வரை, "கவனம் இல்லை, கவனம் இல்லை" என்று திட்டிக்கொண்டே வந்தேன். அடுத்த வருஷம் ஸ்பைக்ஸைப் பரணில் போட்டுவிட்டாய். படிப்புதான் காரணம் என்று ஊருக்கெல்லாம் சொன்னேன்.

கவனம் இல்லாமல் இருந்தது நான்தான் கண்ணு. இதை அன்றைக்கே பஸ்ஸில் சொல்லியிருக்க வேண்டும். மன்னித்துக்கொள்.

ஸ்பைக்ஸ் இன்னும் பரணில்தான் இருக்கிறது. நேற்று எடுத்துத் துடைத்தேன். இடது காலில் இரண்டு ஆணி துருப்பிடித்துவிட்டது. பேரன் ஓடும் நாளன்று வீடியோ எடுத்து அனுப்பு, அம்மா கேட்கச் சொன்னாள். உன் முட்டித் தழும்பு மறைந்துவிட்டதா, இல்லை இன்னும் இருக்கிறதா?

அன்புடன்,
அப்பா