நூறு கிராம் வீடு காலி

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுவது. இங்கே எல்லோரும் நலம். மீன்பிடித் தடைக்காலம் என்பதால் பாம்பன் கரையோரம் விசைப்படகுகள் நங்கூரம் போட்டுக் கிடக்கின்றன. ஜூன் 14 கழிந்தால்தான் எனக்கு வேலை. அதுவரை உன் மகனுக்கு நான், எனக்கு அவன்.

நேற்று போனில் நீ அவனைத் திட்டியது திண்ணை வரை கேட்டது. 0.5 பெரியதா, 0.125 பெரியதா என்று கேட்டாய். நூற்று இருபத்தைந்துதான் பெரியது என்றான். அதற்கா அவ்வளவு கத்தல்? எனக்குச் சிரிப்பு வந்தது. இதே மாதிரித் தப்பைச் செய்த இன்னொருவனை நீ அறிவாய்.

நீ ஏழாம் வகுப்பு படித்தபோது நான் சின்ன வத்தைப் படகில் போய் நண்டு வலை போட்டுக்கொண்டிருந்தேன். எலக்ட்ரானிக் தராசு வந்த புதிது. ஒருநாள் தராசில் 3.050 என்று விழுந்தது, வியாபாரி சீட்டில் 3.05 என்று எழுதினார். நான் அதை மூன்றரைக் கிலோ என்று எடுத்துக்கொண்டேன். கைக்கு வந்த பணமோ மூன்று கிலோவுக்குச் சற்றே கூட. கரையில் நின்று அந்த மனிதரைப் பேசாத பேச்செல்லாம் பேசிவிட்டு வந்தேன். நீ சீட்டை வாங்கிப் பார்த்தாய். சிலேட்டில் புள்ளிக்குப் பின்னால் மூன்று கட்டம் போட்டாய். முதல் கட்டம் நூறு கிராம், அடுத்தது பத்து கிராம், கடைசி ஒரு கிராம். “நூறு கிராம் வீடு காலி அப்பா, ஐந்து குடியிருப்பது பத்து கிராம் வீட்டில்” என்றாய். மூன்று கிலோ ஐம்பது கிராம். மறுநாள் அவர் முகத்தில் விழிக்க வெட்கப்பட்டு, உன் அம்மாவிடம்தான் நண்டைக் கொடுத்தனுப்பினேன்.

அந்தச் சிலேட்டு இப்போது இல்லை. ஆனால் வீட்டில் ஒரு கிலோ நெத்திலிக் கருவாடு இருந்தது. எட்டுப் பேருக்குப் பங்கு போடு என்று அவனிடம் கொடுத்தேன். முதலில் நூறு நூறு கிராமாகப் பத்துக் குவியல் வைத்தான். ஆளுக்கு ஒன்று போக இரண்டு மிஞ்சியது. அவற்றைப் பத்து கிராம் குவியல்களாக உடைத்தால் இருபது. ஆளுக்கு இரண்டு போக நான்கு மிச்சம். அதை ஒவ்வொரு கிராமாக உடைத்தால் நாற்பது, ஆளுக்கு ஐந்து. கிராம் கணக்கில் நெத்திலியை உடைக்க முடியுமா? கடைசிச் சுற்றை மட்டும் வாயால் சொன்னான். பிறகு ஒன்று, இரண்டு, ஐந்து என்று வரிசையாக எழுதிவிட்டு, “இதுதான் 0.125!” என்று கூவினான். அரைக் கிலோ எவ்வளவு என்றேன். ஐந்து நூறு கிராம் குவியல் என்றான். எது பெரியது என்று நான் கேட்கவே இல்லை, அவனே நாக்கைக் கடித்துக்கொண்டான்.

நாம் அரைக்கால் என்பதும் அந்த 0.125தான். உன் அப்பத்தாவுக்குப் புள்ளிக் கணக்கு தெரியாது. மாகாணி, காணி, முந்திரி என்ற அந்தக் காலத்துப் பின்னங்கள் எல்லாம் தண்ணீர்பட்ட பாடு. 1957இல் நயா பைசா வந்தபோது ஓரணாவுக்கு ஆறேகால் பைசா என்று கணக்கானது. ரூபாயில் பதினாறில் ஒரு பங்கு, அதாவது மாகாணி, 0.0625. அந்தக் கால் பைசா யார் மடியில் போய் விழுந்தது என்று சாகும்வரை கேட்டுக்கொண்டிருந்தாள்.

அவள் சொன்ன பின்னங்களில் ஒரு விசேஷம் உண்டு. 320இல் ஒன்றான முந்திரியைக்கூட வகுத்துப் பார், 0.003125 என்று நின்றுவிடும். 320ஐ இரண்டாலும் ஐந்தாலுமே உடைத்துவிடலாம், பத்துக்குள்ளும் அவை இரண்டும்தானே இருக்கின்றன. மூன்றில் ஒன்றுக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. ஒவ்வொரு சுற்றிலும் ஒன்று மிஞ்சும், 0.333 என்று ஓடிக்கொண்டே இருக்கும். படகில் மூன்று பேர் ஆயிரம் ரூபாயைப் பங்கு போட்டால் மிஞ்சுகிற ஒரு ரூபாயை நாங்கள் டீக்கடையில் தீர்ப்போம். பையனுக்கு இந்த வழிதான் மிகவும் பிடித்திருக்கிறது. பள்ளியில் எழுதிவிடப் போகிறான், பார்த்துக்கொள்.

மாலையில் பாலத்துப் பக்கம் கூட்டிப்போனேன். 1914இல் திறந்த பழைய ரயில் பாலம் 2.065 கிலோமீட்டர், புதியது 2.08 கிலோமீட்டர் என்று சொன்னேன். அறுபத்தைந்துக்கு முன்னால் எட்டு எம்மாத்திரம் என்று வாய் திறந்தவன், சட்டென்று மணலில் குந்தி, எட்டுக்குப் பக்கத்தில் ஒரு பூஜ்யத்தைப் போட்டான். 2.080. பிறகு கழித்துப் பார்த்து, “பதினைந்து மீட்டர் புதுசுதான் நீளம் தாத்தா” என்றான்.

நெத்திலியை நாளை பஸ்ஸில் போட்டு அனுப்புகிறேன். எட்டில் ஒரு பங்கை நேற்று இரவே வறுத்துத் தின்றுவிட்டோம். பார்சலின் மேல் 0.875 என்று அவன் கையாலேயே எழுதியிருக்கிறான்.

அன்புடன்,
அப்பா