எட்டு தடவை அடித்த போன்

அன்புள்ள கோமு,

எட்டு தடவை போன் அடித்தும் நான் எடுக்கவில்லை என்று கோபம்தானே? திட்டிக்கொள். வலது காது போய்விட்டதடி, இடது பாதிதான். போனில் நீ "ராசாத்தி" என்றால் "ராத்திரி" என்று விழுகிறது. அதனால்தான் கடிதம். அம்மா தேறிவிட்டாள். மொட்டை மாடி இன்னும் ஒழுகுகிறது.

காது டாக்டரிடம் மூன்று மணிநேரம் காத்திருக்கையில் கிரகாம் பெல் கதையைப் படித்தேன். எட்டாம் வகுப்பில் நாம் ஒரே வரியில் முடித்துவிடுவோமே, அதே ஆள். அவரும் நம்மைப்போல வாத்தியார்தான்! பாஸ்டனில் காது கேளாத பிள்ளைகளுக்குப் பேச்சு சொல்லிக்கொடுத்தார். 1873-ல் படிக்க வந்தவள் மேபல். ஐந்து வயதில் காய்ச்சல் வந்து காது போனவள். உதட்டைப் பார்த்தே பேச்சைப் புரிந்துகொள்வாள். அவரைவிடப் பத்து வயது இளையவள். 1875-ல் அவள் நான்டக்கெட் தீவுக்குப் போக, இவர் மழையில் பின்னாலேயே போயிருக்கிறார். அவள் பார்க்கவே வரவில்லை. கடிதத்தைக் கொடுத்துவிட்டுத் திரும்பினார், பாவம்.

அவள் அப்பா ஹப்பார்டுதான் தந்தி ஆராய்ச்சிக்குப் பணம் போட்டவர். பாடம் நடத்துவதை விட்டால்தான் பெண் என்றார். கையில் காசில்லாத மனுஷன், "முடியாது" என்று எழுதிவிட்டார்! இரண்டே நாளில், தன் 18-வது பிறந்தநாளில், மேபல் தானே சம்மதித்தாள். 1876 பிப்ரவரி 14-ல் போனுக்கான காப்புரிமை மனுவைப் போட வைத்ததும் அந்த மாமனார்தான். அதே நாளில் எலிஷா கிரே என்பவரும் இதேபோன்ற கருவிக்கு முன்னறிவிப்பு மனு போட்டிருந்தார். தப்பித்தது தம்பிரான் புண்ணியம்.

எனக்குப் பிடித்த இடம் வேறு. அந்த ஜூன் மாதம் பிலடெல்பியா கண்காட்சிக்குப் போகமாட்டேன், பரீட்சை இருக்கிறது என்று அடம்பிடித்தவரை மேபல் ரயிலடிக்குக் கூட்டிப்போனாள். அவர் வாதாட ஆரம்பித்ததும் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். உதடு தெரியாவிட்டால் வாதம் எங்கே? ஏறிவிட்டார். அந்தக் கண்காட்சியில்தான் பிரேசில் சக்கரவர்த்தி போனைக் காதில் வைத்து அசந்துபோனது. 1877-ல் கல்யாணம் ஆனதும் கம்பெனிப் பங்கில் பத்தை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதையெல்லாம் அவளுக்கே எழுதிவைத்தார். அந்த போனில் அவள் ஒரு வார்த்தைகூடக் கேட்டதில்லை.

ஆனால் ஒன்று, கோமு. பின்னாளில் இந்த மனுஷன் பள்ளிகளில் சைகை மொழியே கூடாது என்று நின்றார். அதைப் படித்ததும் புத்தகத்தை மூடிவிட்டேன். பேச்சு விழாதவளுக்கு கையையும் கட்டிவைத்தால் எப்படி?

நான் இப்போது கண்ணாடி முன் உதடு படிக்கப் பழகுகிறேன். இவர் வெற்றிலையை மென்றுகொண்டே பேசினால் ஒரு எழுத்தும் தெரிவதில்லை. பொங்கலுக்கு வா. எதிரே உட்கார்ந்து நிதானமாகப் பேசு. திட்டுவதையும் அப்போதே வைத்துக்கொள். பிடிக்காவிட்டால் முகத்தைத் திருப்பிக்கொள்வேன்.

உன்,
ராசாத்தி