ராமேஸ்வரம் பக்கத்து மண்டபத்திலிருந்து மாப்ளைக்கு

அன்புள்ள மாப்ள,

இங்கு எல்லோரும் நலம். அங்கே தங்கச்சியும் பிள்ளைகளும் சுகம்தானே? நீ கொடுத்தனுப்பிய பழைய லேப்டாப் போன மாசமே வந்துவிட்டது. அதிலிருந்த, கூடைப்பந்துக்குப் பிளே (ஆட்டத் திட்டம்) வரையும் மென்பொருளை நன்றாகப் பார்த்துவிட்டு எழுதலாம் என்று இருந்ததில் நாள் ஓடிவிட்டது.

காலேஜில் நம்ம கோச் சிமெண்ட் தரையில் குந்தி, சோடா மூடிகளை நகர்த்தி பிளே சொல்லித் தருவாரே, ஞாபகம் இருக்கிறதா? அதே சோடா மூடிதான் இப்போது 1 முதல் 5 வரை எண் போட்ட வட்டமாகத் திரையில் ஓடுகிறது. ஓட்டத்துக்கு நேர்கோடு, பாஸுக்கு விட்டுவிட்டு வரும் கோடு, பந்தைத் தட்டிக்கொண்டே போகும் டிரிபிளுக்கு நெளிகோடு, எதிராளியின் வழியை மறித்து நிற்கும் ஸ்கிரீனுக்கு நுனியில் குறுக்குக்கட்டை வைத்த கோடு. வரைந்து ஓடவிட்டால் ஐந்து பேரும் தானாக நகர்கிறார்கள். ஒரு பிரேம், அதாவது அசைவின் ஒரு கட்டம், முடிந்த இடத்திலிருந்து அடுத்த பிரேம் தொடங்கும். முதல் வாரம் அதிலேயே கிடந்து வீட்டில் ஏச்சு வாங்கினேன்.

வளையத்துக்குப் பின்னால் இருக்கும் பேஸ்லைனிலிருந்து பந்து போடும் பிளே ஒன்றை வீடியோவாக்கி வாட்ஸ்அப்பில் நம்ம டீம் பெண்பிள்ளைகளுக்கு அனுப்பினேன். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை மீன்பிடித் தடைக்காலம் அல்லவா, விசைப்படகுக்குப் போகும் அப்பாக்கள் கரையில் இருந்தார்கள், போனும் வீட்டில் இருந்தது. (மற்ற மாதங்களில் போன் கடலுக்குப் போய்விடும்.) அத்தனை பிள்ளைகளுக்கும் பிளே மனப்பாடம்.

அப்புறம் ஒரு நட்பு ஆட்டம் வைத்தோம். பிளேயைத் தொடங்கியதுமே விசில். இல்லீகல் ஸ்கிரீன். மறுபடி போட்டோம், மறுபடி விசில். மோதும் நேரத்தில் ஸ்கிரீன் போடுகிறவள் இரண்டு காலையும் தரையில் ஊன்றி அசையாமல் நிற்க வேண்டும் அல்லவா? நாலாம் நம்பர் வந்து நிற்பதற்குள் இரண்டாம் நம்பர் கிளம்பிவிடுகிறாள். அவளை விரட்டி வருகிறவளை இவள் நகர்ந்துகொண்டே இடிக்கிறாள். பிள்ளைகள்மேல் தப்பில்லை, மாப்ள. இரண்டு பேர் கோட்டையும் நான் ஒரே பிரேமில் போட்டிருந்தேன். கம்ப்யூட்டர் இருவரையும் ஒன்றாகக் கிளப்பி ஒன்றாகக் கொண்டுபோய் நிறுத்தியது. திரையில் வட்டமும் வட்டமும் உரசினால் எவன் விசில் அடிப்பான்?

அன்று ராத்திரியே அதை இரண்டு பிரேமாகப் பிரித்தேன். முதலில் நாலாம் நம்பர் மட்டும் வந்து நிற்பாள், அடுத்ததில்தான் இரண்டாம் நம்பர் ஓடுவாள். ஆனாலும் மனப்பாடமாகிவிட்ட கால் நிற்குமா? கரையில் நின்று இரண்டு பக்கமும் கயிறு பிடித்து இழுக்கும் கரைவலைக் குடும்பத்துப் பிள்ளை ஒன்று சொன்னது: "ஒரு பக்கக் கயிறை முந்தி இழுத்தா மீன் அந்தாண்ட போயிரும் சார். அதான் தாத்தா சத்தம் குடுப்பாரு." இப்போது நாலாம் நம்பர் காலை ஊன்றியதும் "ம்!" என்று ஒரு சத்தம், அதற்குப் பிறகுதான் மற்றவள் ஓட்டம். எதிரணிக்கும் கேட்குமே என்றேன். "கேக்கட்டும் சார்" என்கிறார்கள்.

தென்மேற்கிலிருந்து வரும் கச்சான் காற்று தொடங்கிவிட்டது. ஆண்கடல் (மன்னார் வளைகுடா) கொந்தளிக்கிறது, பெண்கடல் (பாக் விரிகுடா) குளம் மாதிரி கிடக்கிறது. நம்ம கோர்ட் திறந்தவெளி. மூன்று புள்ளிக் கோடு இருக்கும் 6.75 மீட்டரிலிருந்து எறிந்தால் பந்து எங்கே இறங்கும் என்று எறிந்தவளுக்கே தெரியாது. மென்பொருளில் காற்றுக்கு ஒரு கோடும் இல்லை. அதனால் ஆடி முடியும்வரை எல்லா பிளேயும் வளையத்துக்குக் கிட்டே போய்ப் போடும் லே-அப்பில்தான் முடியும்.

நீ வரும்போது வளையத்துக்கு வலை வாங்கி வருகிறேன் என்றாயே, வேண்டாம். ஒரு பிள்ளையின் அப்பா நைலான் நூலில் தானே பின்னிக் கொடுத்துவிட்டார். மீனுக்குப் பின்னிய பழக்கத்தில் அடிவாயைக் குறுக்கிவிட்டார்போல. முதல் பந்தே உள்ளே போய் மாட்டிக்கொண்டது. தொரட்டி கொண்டுவந்து தள்ளித்தான் இறக்கினோம். இரண்டு வரிசையைப் பிரித்துத் தருகிறேன் என்று சொல்லியிருக்கிறார்.

இப்படிக்கு,
காலேஜ் டீமில் உன் பழைய பாயிண்ட் கார்டு