ஜார்ஜ் லோபஸுக்கு ஒரு பத்தி போதாது

ஆசிரியருக்கு வணக்கம்.

அமெரிக்க நகைச்சுவைக் கலைஞர்கள் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரை ஜார்ஜ் லோபஸை ஒரே பத்தியில், ‘மெக்சிகோ வம்சாவளி என்பதைச் சொல்லியே காலம் தள்ளியவர்’ என்று முடித்துவிட்டது. அவருடைய மேடைப் பேச்சுகளை விரும்பிக் கேட்கும் எனக்கு மனம் ஆறவில்லை.

லோபஸ் லாஸ் ஏஞ்சலிஸில் பிறந்தவர். இரண்டு மாதக் குழந்தையாக இருந்தபோதே அப்பா விட்டுப் போனார், பத்து வயதில் அம்மாவும் போய்விட்டார். வளர்த்தது அம்மாவைப் பெற்ற பாட்டி பெனிட்டா. பேரன் அழுதால், “ஏன் அழறே?” என்று அதட்டுகிற பாட்டி. அந்தக் குரலை லோபஸ் மேடையில் அப்படியே கொண்டுவரும்போது சிரிப்பில் அரங்கம் அதிரும். சிரிக்கிறவர்களுக்கும் அந்தச் சிறுவனுக்கு ஆறுதல் சொல்ல ஆள் இல்லை என்பது புரியும். இதைப் போய் இனத்தை விற்பது என்று எப்படிச் சொல்ல முடியும்? அவர் சொல்வது தன் வீட்டுக் கதை.

2002-இல் ஏபிசி தொலைக்காட்சியில் அவர் பெயரிலேயே தொடர் வந்தது. லத்தீன் அமெரிக்க வம்சாவளிக் குடும்பத்தை மையமாக வைத்த நகைச்சுவைத் தொடர் இல்லையே என்ற குறை ஹாலிவுட் நடிகை சாண்ட்ரா புல்லக்குக்கு இருந்தது. லோபஸைத் தேடிப் போய்ப் பேசித் தயாரிப்பிலும் இறங்கியவர் அவர்தான். ரவுடி, தோட்டக்காரர், வீட்டு வேலை செய்பவர் என்று மெக்சிகோ வழி வந்தவர்களுக்கு ஹாலிவுட் ஒதுக்கி வைத்திருந்த வேஷங்கள் நமக்குத் தெரியும். இந்தத் தொடரின் நாயகனோ விமான உதிரிபாகத் தொழிற்சாலையில் மேலாளர். தேள் கொடுக்கு நாக்கோடு வரும் அம்மா பென்னி, அதே தொழிற்சாலையில் தொழிலாளி. பெனிட்டா பாட்டியின் சாயல் அந்த அம்மாவிடம் அப்பட்டமாகத் தெரியும்.

120 அத்தியாயங்களுக்குப் பிறகு 2007-இல் ஏபிசி தொடரை நிறுத்தியது. அதே சமயத்தில், ஒரு காப்பீட்டு விளம்பரத்தில் வந்த குகைமனிதர்களை வைத்துப் புதுத் தொடருக்கு இடம் கொடுத்தது. குகைமனிதனுக்கு இருக்கும் இடம் சிக்கானோவுக்கு (மெக்சிகோ வழி வந்த அமெரிக்கருக்கு) இல்லையா என்று லோபஸ் வெளிப்படையாகவே கேட்டார். நியாயமான கோபம்! குகைமனிதர்கள் சில வாரங்களுக்கு மேல் தாக்குப்பிடிக்கவில்லை. லோபஸின் பழைய அத்தியாயங்களோ நிக் அட் நைட் என்ற தொலைக்காட்சியில் மறுஒளிபரப்பாகி ஒரு புதிய தலைமுறையையே பிடித்துக்கொண்டன. அவருடைய அடையாளம் பார்வையாளர்களுக்கு ஒருநாளும் இடைஞ்சலாக இருந்ததில்லை. கதவைச் சாத்தியவர்கள் நிர்வாகிகள்.

நகைச்சுவைக் கலைஞர் கிறிஸ்டெலா அலோன்சோவைக் கட்டுரை குறிப்பிடவே இல்லை என்பதும் வருத்தம். டெக்சாஸ் எல்லையோர ஊரான சான் ஹுவானில், கைவிடப்பட்ட ஓர் உணவகக் கட்டடத்தில் குடியிருந்த குடும்பத்துப் பெண் அவர். 2014-இல் தன் பெயரிலான ஏபிசி தொடரைத் தானே உருவாக்கி, தயாரித்து, நடித்தார். அமெரிக்காவின் பெரிய தொலைக்காட்சி நிறுவனங்களில் இதைச் செய்த முதல் லத்தீன் பெண் அவரே. அந்தத் தொடரை ஒரே பருவத்தோடு நிறுத்திவிட்டார்கள்.

அடுத்து வரும் இதழ் ஒன்றில் அலோன்சோவைப் பற்றி முழுக் கட்டுரை வெளியிடுங்கள். லோபஸைப் பற்றிய அந்த வரியையும் கட்டுரையாளர் மறுபரிசீலனை செய்ய வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.

அன்புடன்,
ஒரு வாசகி, திருச்சி