சுருள்முடிக்கு அப்புறம் ஷெர்லி டெம்பிள்

ஆசிரியர் அவர்களுக்கு,

ஹாலிவுட்டின் குழந்தை நட்சத்திரம் ஷெர்லி டெம்பிள் என்றதும் எல்லோரும் அந்தச் சுருள்முடியையும் கன்னக்குழியையும்தான் சொல்கிறார்கள். மொத்தம் 56 சுருள். அம்மா உட்கார்ந்து சுருட்டிவிடுவாராம். சரி, அப்புறம்? 22 வயதில் நடிப்பை விட்டார். சம்பாதித்த முப்பது லட்சம் டாலருக்கு மேல் பணத்தில், மிஞ்சியது சுமார் 44,000தான்.

என் மனதைத் தொட்டது 1972. மார்பகப் புற்றுநோய்க்கு அறுவை சிகிச்சை செய்துகொண்டவர், மருத்துவமனையிலிருந்தே அதை வெளியே சொன்னார், பயந்துகொண்டு வீட்டில் இருந்துவிடாதீர்கள் என்று பெண்களைக் கேட்டுக்கொண்டார். அந்த நோயின் பேரைச் சொல்லவே கூசிய காலம் அது!

பிறகு கானாவில் அமெரிக்கத் தூதர். 1989இல் செக்கோஸ்லோவாக்கியாவில் கம்யூனிஸ்ட் ஆட்சி சரிந்தபோது, அதன் தலைநகர் பிராக்கிலும் அவர்தான் தூதர். தூதராக இருந்த அவருடைய புகைப்படத்தையும் ஒருமுறை போடுங்கள், ஐயா.

ஒரு வாசகி,
மதுரை.