மரண அறிவித்தலில் தோட்டத்தின் பெயரையும் போடுங்கள்

அன்புள்ள ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். நான் மலேசியாவில், பேராவின் சுங்கை சிப்புட்டில் வசிக்கும் ஓய்வுபெற்ற ரப்பர் தோட்டக் கிராணி (எழுத்தர்). வயது எழுபதைத் தாண்டிவிட்டது. காலையில் தே ஓவும் (பால் இல்லாத தேநீர்) கையுமாகத் தங்கள் நாளிதழை விரித்தால் முதலில் திருப்புவது மரண அறிவித்தல் பக்கத்தைத்தான். யார் போனார்கள் என்று பார்த்த பிறகுதான் அரசியல், விளையாட்டு எல்லாம்.

அந்தப் பக்கத்தைப் பற்றித்தான் ஒரு வேண்டுகோள். படம் இருக்கிறது, வயது இருக்கிறது, எந்தத் தாமான் (குடியிருப்பு), எத்தனை மணிக்கு இறுதிச் சடங்கு, பிள்ளைகள் யார், மருமக்கள் யார், பேரப்பிள்ளைகள் என்ன படிக்கிறார்கள் என்பதுவரை இருக்கிறது. ஆனால் எந்தத் தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவர் என்பது இருப்பதில்லை. ‘பெருமாள், 74, ஈப்போ’ என்றால் நான் எந்தப் பெருமாளுக்காக அழுவது? எனக்கே ஏழெட்டுப் பெருமாள்களைத் தெரியும்.

இதை ஏன் இவ்வளவு பெரிதாக எழுதுகிறேன் என்றால், ஐம்பது வருடத்துக்கு மேலாகத் தொலைந்துபோன ஒரு நண்பனை இப்போதுதான் கண்டுபிடித்தேன். அவன் பெயரை எழுதப் போவதில்லை. கதையைச் சொல்ல மட்டும்தான் அனுமதி கொடுத்திருக்கிறான்; அதையும் கொஞ்சம் முறைத்துக்கொண்டுதான் கொடுத்தான். காரணத்தைக் கடைசியில் சொல்கிறேன்.

இருவரும் ஒரே லயம் (தோட்டத் தொழிலாளர் வரிசை வீடு). இடையில் ஒரு பலகைச் சுவர்தான். அவன் அப்பாவுக்குச் சிவப்பு அடையாள அட்டை, அதாவது குடியுரிமை இல்லாதவர். 1969-க்குப் பிறகு குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேலை பெர்மிட் வேண்டும் என்று வந்ததும் தோட்டம் தோட்டமாக ஆட்கள் கிளம்பியது பழைய வாசகர்களுக்கு நினைவிருக்கும். அடுத்த வருடம் அவன் குடும்பமும் தகரப் பெட்டி, அம்மிக்கல் சகிதம் லோரி ஏறியது. பினாங்கில் ரஜுலா கப்பல், அங்கிருந்து நாகப்பட்டினம். லோரியின் பின்பலகையைப் பிடித்துக்கொண்டு அவன் நின்றதைப் பார்த்தேன். அதனால் அவன் இந்தியாவில் இருக்கிறான் அல்லது இறந்துவிட்டான் என்றே இத்தனை காலம் நினைத்துக்கொண்டிருந்தேன்.

ஓய்வு பெற்ற பிறகு தேட ஆரம்பித்தேன். அப்போது புரிந்தது ஒன்று: நம் நாட்டு ஏடுகளில் ஆள் என்றால் எண். வாக்காளர் பட்டியலைப் பார்க்க அடையாள அட்டை எண்ணைத் தட்ட வேண்டும். நில அலுவலகத்தில் தேடல் செய்யப் பட்டா எண்ணோ மனை எண்ணோ வேண்டும். பதிவுத் துறையின் ஏடு வருகிறவன் போகிறவன் புரட்டுவதற்கு வைத்ததல்ல. அதில் தவறொன்றும் இல்லை. என் விவரத்தை யாரோ ஒருவன் கேட்டால் கொடுத்துவிடக் கூடாதுதானே? சிங்கப்பூர் தேசிய நூலகம் பழைய நாளிதழ்களை இணையத்தில் ஏற்றி வைத்திருக்கிறது, தமிழ் முரசு உட்பட. அதில் பெயரைப் போட்டுத் தேடலாம். பல இரவுகள் தேடினேன். என் நண்பன் கிடைக்கவில்லை. ஆனால் கால்பந்து ஆட்ட முடிவுகளை நிறையப் படித்தேன்.

தோட்டத்துச் செக்ரோல் புத்தகங்கள் (வேலையாட்களின் பெயர்ப் பதிவு) இருந்திருந்தால் ஏதாவது துப்புக் கிடைத்திருக்கும். தோட்டம் கைமாறி, ரப்பர் போய் செம்பனை வந்தபோது, ஆபீசுக்குப் பின்னால் அவற்றைக் குவித்துக் கொளுத்தினார்கள். முப்பது வருடத்துப் பெயர்கள் ஒரு மத்தியானத்தில் போய்விட்டன. ஜப்பான்காரன் காலத்தில் சயாம் ரயில் வேலைக்குப் பிடித்துக்கொண்டு போன என் பெரியப்பாவைப் பற்றியும் இப்படித்தான் ஒரு துண்டுக் காகிதம் கிடையாது. காஞ்சனபுரிக் கல்லறைத் தோட்டத்தில் நேச நாட்டுப் போர்க்கைதிகளுக்கு வரிசை வரிசையாகப் பெயர் பொறித்த கல் இருக்கிறது. அதே பாதையில் செத்த நம் ஆட்களுக்கு அப்படி ஒன்று கிடையாது. சரி, அது வேறு கடிதம்.

வழி காட்டியது என் பேத்தி. பல்கலைக்கழகத்தில் ரசாயனம் படிக்கிறாள். பாடத்துக்காகக் காப்புரிமை (பேட்டண்ட்) பட்டியல்களைத் துழாவிக்கொண்டிருந்தவள், "தாத்தா, இதுல எல்லாம் ஆளு பேரு போட்டுருக்கு பாருங்க" என்றாள். காப்புரிமை கம்பெனிக்குச் சொந்தமாக இருக்கலாம். ஆனால் உண்மையில் கண்டுபிடித்தவனின் பெயர் அதில் வர வேண்டும் என்பது அவனுடைய உரிமை. கண்டுபிடிப்புகளின் உரிமை பற்றிய பாரிஸ் உடன்படிக்கையிலேயே இருக்கிறதாம். முதல் பக்கத்தில் 71 என்ற எண்ணுக்கு எதிரே விண்ணப்பித்தவர், 72-க்கு எதிரே கண்டுபிடித்தவர், 73-க்கு எதிரே உரிமையாளர். பழைய அமெரிக்கப் பக்கங்களில் கண்டுபிடித்தவர் 75-இல் இருப்பார். பக்கம் எந்த மொழியில் இருந்தாலும் இந்த எண்களை வைத்து ஆளைக் கண்டுகொள்ளலாம். விண்ணப்பம் போட்டுப் பதினெட்டு மாதத்தில் பொதுவாக எல்லார் பார்வைக்கும் வந்துவிடும். காப்புரிமை காலாவதியானாலும் பக்கம் அழியாது. காசும் கேட்பதில்லை. ஜெனீவாவில் உள்ள உலக அறிவுசார் சொத்து நிறுவனத்தின் பேட்டண்ட்ஸ்கோப், ஐரோப்பியர்களின் எஸ்பாஸ்நெட், கூகுளின் பக்கம், எல்லாமே இலவசம். இங்கே எண் வேண்டாம், பெயர் போதும். கிராணி வேலை பார்த்த எனக்கு இது அதிசயமாக இருந்தது.

ஆனால் பெயர் என்றால் எந்தப் பெயர்? முனியாண்டி த/பெ ஆறுமுகம் என்று ஒருவர் இருப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். ஐசியில் (அடையாள அட்டையில்) நடுவே ஏ, ஒரு சாய்கோடு, எல். மலாயில் ‘அனாக் லெலாக்கி’, அதாவது மகன். வெளிநாட்டுப் படிவத்தில் ‘குடும்பப் பெயர்’ என்று ஒரு கட்டம் இருக்கும். நமக்கு ஏது குடும்பப் பெயர்? கட்டத்தைக் காலியாக விடவும் முடியாது. அப்பாதான் அதில் போய் உட்காருவார். அப்புறம் அவர் ‘ஆறுமுகம், முனியாண்டி’ ஆகிவிடுவார். சில இடங்களில் சாய்கோடு உதிர்ந்து, ஏ-யும் எல்-லும் ஒட்டிக்கொண்டு, அரபு நாட்டுக்காரர் மாதிரி ‘அல் ஆறுமுகம்’ என்று நிற்பார். ஆகவே நம் ஆளைத் தேடுகிறவர்கள் அவர் பெயரோடு நிற்காமல் அவர் அப்பாவின் பெயரையும் போட்டுத் தேட வேண்டும்.

அந்த ஆறுமுகத்தையும் ஒரே மாதிரி எழுதியிருப்பார்கள் என்று நம்பாதீர்கள். ஒரே வீட்டில் மூத்தவனுக்கு ‘ஜி’, இளையவனுக்கு ‘கே’, தங்கைக்கு நடு எழுத்தே இருக்காது. சூராவை, அதாவது பிறப்புப் பத்திரத்தை எடுத்துப் பாருங்கள், தெரியும். இதில் என் கையும் சுத்தமில்லை. வேலைக்குப் பெயர் கூப்பிடும் பெரட்டுக் களத்தில் விடியற்காலை ஐந்தரை மணிக்கு, மண்ணெண்ணெய் விளக்கு வெளிச்சத்தில், வாயில் வெற்றிலையோடு ஒருவர் சொன்ன பெயரை என் காதுக்கு எப்படிக் கேட்டதோ அப்படித்தான் நானும் எழுதினேன். பிறகு அதுதான் சட்டம். அந்த எழுத்துக்கூட்டலோடு எத்தனை பேர் இன்று வங்கியில் நின்று வாதாடுகிறார்களோ.

என் நண்பனின் அப்பாவுக்கு ஒரு கிராமத்துச் சாமியின் பெயர். எனக்கு முன்பிருந்த கிராணி அதன் நடுவில் சம்பந்தமே இல்லாமல் ஒரு ‘ஹெச்’சை நுழைத்து வைத்திருந்தார். அதற்காக அந்தக் குடும்பம் அலைந்த அலைச்சல் எனக்கு ஞாபகம் இருந்தது. பேத்தியிடம் சொன்னேன். அந்த ‘ஹெச்’சோடு தட்டினாள். ஒரே ஒரு ஆள் வந்தார்.

அந்தப் பக்கத்தைப் பெரிதாக்கிக் காட்டச் சொன்னேன். ரப்பர் கையுறை சம்பந்தமான விண்ணப்பம். கண்டுபிடித்தவர்கள் மூன்று பேர், இரண்டாவதாக இவன். பெயருக்குப் பக்கத்தில் சதுர அடைப்புக்குள் எம்-ஒய், ஒரு சாய்கோடு, மறுபடி எம்-ஒய். "இது என்னம்மா?" என்றேன். "முதல்ல இருக்கறது எந்த நாட்டுக் குடிமகன்னு, ரெண்டாவது எந்த நாட்டுல இருக்காருன்னு தாத்தா" என்றாள். இரண்டுமே மலேசியா. சிவப்பு ஐசிக்காரர் மகன், நான் கப்பலேற்றி அனுப்பிவிட்டதாக நினைத்தவன். அந்த நாலு எழுத்தையும் எத்தனை தடவை பார்த்தேன் என்று எனக்கே தெரியாது. பேத்தி திரையை மூடிவிட்டுப் படுக்கப் போன பிறகும் மறுபடி திறக்கச் சொல்லி எழுப்பினேன்.

கீழே முகவரி. தைப்பிங்குக்குப் பக்கத்தில் உள்ள கமுந்திங். இங்கிருந்து காரில் ஒரு மணி நேரம்தான்! தைப்பிங்குக்கு நான் போகாத வருடமே இல்லை.

இங்கேதான் நான் ஒரு முட்டாள்தனம் செய்தேன். அமெரிக்கக் காப்புரிமைப் பக்கத்தில் ஊரும் நாடும்தான் வரும். ஆனால் பல நாடுகளுக்கும் சேர்த்து ஒரே தடவையில் போடும் உலக விண்ணப்பங்களில், அதுவும் அந்தக் காலத்துப் பக்கங்களில், வீட்டு எண், ஜாலான், அஞ்சல் குறியீடு என முழு முகவரியே இருக்கும். நம் நாடு அந்த ஏற்பாட்டில் சேர்ந்தது 2006-இல். இவன் விண்ணப்பம் அதற்குச் சில வருடம் பிறகு. நான் என்ன செய்திருக்க வேண்டும்? ஒரு கடிதம் போட்டுவிட்டுக் காத்திருக்க வேண்டும். கடிதமும் போட்டேன். ஆனால் சந்தோஷம் தாங்காமல் அன்று இரவே அந்தப் பக்கத்தைப் படம் பிடித்து எங்கள் தோட்டத்துப் பிள்ளைகளின் புலனக் (வாட்ஸ்அப்) குழுவில் போட்டுவிட்டேன். நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் இருக்கும் குழு. என் கடிதம் போய்ச் சேருவதற்குள் இரண்டு பேர் அவன் வீட்டு வாசலில் நின்றிருக்கிறார்கள். அதில் ஒருவர் காப்புறுதி முகவர்.

மூன்றாம் நாள் தெரியாத எண்ணிலிருந்து அழைப்பு. "யாரு நீங்க? என் வீட்டு அட்ரஸை ஊருக்கெல்லாம் கொடுக்க உங்களுக்கு யாரு ரைட் கொடுத்தா?" குரலே பிடிபடவில்லை. நான் இன்னார் என்று சொன்னேன். நம்பவில்லை. மக்காவ் ஸ்கேம் என்ற தொலைபேசி மோசடிக் காலத்தில் யார் நம்புவார்கள்? "அப்படின்னா சொல்லுங்க, பெரட்டுக் களத்துல மணி எங்க தொங்கும்?" என்று கேட்டான்.

"மணி ஏது? தண்டவாளத் துண்டு. ஆயாக் கொட்டகை மாமரத்துல" என்றேன்.

"அதை எதால அடிப்பாங்க?"

"லோரி போல்ட்டால. ஒரு நாள் நீ அதைத் திருடிச் சைக்கிளுக்கு வச்சிருந்த. மண்டோர் உன்னைத் துரத்துனாரு."

கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. அப்புறம், "டேய், நீ இன்னும் சாகலையா?" என்றான்.

தைப்பிங்கில் தாய்மாமன் வீட்டில் இறங்கிக்கொண்டானாம். கப்பலேறியது அப்பா அம்மாவும் தங்கைகளும்தான். இரவுப் பள்ளி, ஆய்வுக்கூட உதவியாளர், பிறகு கையுறைத் தொழிற்சாலையில் இருபத்தைந்து வருடம். என்னடா கண்டுபிடித்தாய் என்று கேட்டதற்கு, "மாவு போடாம கை உள்ள நுழையணும், அவ்வளவுதான்" என்றான். முன்பெல்லாம் கையுறை வழுக்குவதற்காக உள்ளே சோள மாவைத் தூவுவார்களாம். ரப்பர் பாலில் உள்ள புரதம் அந்த மாவோடு காற்றில் பறந்து மருத்துவமனை ஊழியர்களுக்கு ஒவ்வாமை வரும். 2017 ஜனவரியில் அமெரிக்கா மாவுக் கையுறையை அடியோடு தடை செய்துவிட்டது. மாவு வேண்டாமென்றால் உட்புறத்தைக் குளோரினில் அலசலாம், அல்லது மெல்லிய பூச்சுக் கொடுக்கலாம். இவன் வேலை அந்தப் பூச்சில்.

சின்ன வயதில் மங்கின் (ரப்பர் பால் சேரும் கிண்ணத்தின்) விளிம்பில் காய்ந்த பாலை உரித்து விரலில் மாட்டிக்கொண்டு திரிவான் என்று ஞாபகப்படுத்தினேன். "எல்லாப் பிள்ளையும் செஞ்சதுதான்டா, கதை கட்டாதே" என்றான். அதுவும் உண்மைதான், நானும் செய்திருக்கிறேன்.

முகவரியைப் பரப்பியதற்கு இன்னும் என்மேல் கோபம் இருக்கிறது. நியாயமான கோபம். ஏட்டில் பகிரங்கமாக இருப்பது வேறு, அதைத் தூக்கிக் குழுவில் போடுவது வேறு. அதனால்தான் மரண அறிவித்தலில் அடையாள அட்டை எண்ணையெல்லாம் நான் கேட்கவில்லை. அந்தப் பன்னிரண்டு இலக்கத்துக்குள் பிறந்த தேதி இருக்கிறது, பிறந்த மாநிலம் இருக்கிறது (பேராவுக்கு 08), ஆணா பெண்ணா என்பதுகூடக் கடைசி இலக்கத்தில் இருக்கிறது. அதை யாருக்கும் கொடுக்க வேண்டாம்.

நான் கேட்பது ஒரே ஒரு வரி. பிறந்து வளர்ந்த தோட்டம், முடிந்தால் டிவிஷன் (தோட்டத்தின் பிரிவு), அப்பா பெயர், ஐசியில் உள்ளபடி ஆங்கில எழுத்துக்கூட்டல். பெண்களுக்கு இது ரொம்ப முக்கியம். கல்யாணம் ஆன பிறகும் நம் பெண்களின் ஐசியில் அப்பா பெயர்தான் இருக்கிறது. ஆனால் பத்திரிகையில் ‘திருமதி’ போட்டுக் கணவர் பெயரை ஒட்டிவிடுகிறோம். கூட விளையாடியவள் எப்படிக் கண்டுபிடிப்பாள்? 1924-இல் தொடங்கிய தமிழ் நேசன் 2019-இல் நின்றபோது என்னைப் போன்றவர்களுக்கு முதலில் நினைவு வந்தது அதன் அறிவித்தல் பக்கங்கள்தான். காப்புரிமைப் பட்டியலில் ஏறும் பால்மரம் வெட்டுகிறவர் பிள்ளை ஆயிரத்தில் ஒருவன். மற்றவர்களுக்குப் பொது ஏடு என்று இருப்பது தங்கள் நாளிதழின் அந்தப் பக்கம் ஒன்றுதான்.

இத்துடன் என் அக்காவின் மூன்றாம் ஆண்டு நினைவஞ்சலி விளம்பரத்தை இணைத்திருக்கிறேன். முதல் வருடம் கொடுத்ததில் அத்தான் பெயர் மட்டும்தான் இருந்தது; எழுதிக் கொடுத்தவன் நானே. இந்த முறை எங்கள் அப்பா பெயரும் தோட்டத்தின் பெயரும் சேர்த்திருக்கிறேன். ஆங்கில எழுத்துக்கூட்டலில் ‘டி’க்குப் பிறகு ‘சி’ வரும். அச்சுப் பிழை என்று நினைத்துத் திருத்திவிட வேண்டாம். கூடுதல் வரிக்கு எவ்வளவு கட்டணம் என்று தெரிவித்தால் அனுப்பி வைக்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற தோட்டக் கிராணி
சுங்கை சிப்புட், பேரா
(பெயரை வெளியிட வேண்டாம்)